தில்குஷ்... களஞ்சியத்திலிருந்து ஃப்ரீசர் வரை!

செஞ்சிக் கோட்டைக்குப் போய்வந்த யாரையாவது பிடித்து, ‘என்ன பார்த்தீங்க?’ என்று கேளுங்கள். ராஜகிரி உச்சி, கல்யாண மகால், யானைக்குளம் என்று சொல்வார்கள். ‘படி ஏறி முட்டி கழண்டுபோச்சு சார்’ என்பார்கள். தேசிங்கு ராஜன் கதையை ஆரம்பித்துப் பாதியில் மறந்துபோய் நிறுத்துவார்கள். களஞ்சியத்தைப் பற்றி மட்டும் ஒருத்தரும் பேசமாட்டார்கள்.

மலையடிவாரத்திலேயே இருக்கிறது அது. தடித்த சுவர்கள், வளைவுக் கூரை, உள்ளே இருட்டு, வௌவால் வாடை. எட்டிப் பார்த்துவிட்டு ‘ஏதோ குடோன் போலிருக்கு’ என்று நடையைக் கட்டிவிடுவோம். மலை உச்சியிலும் ஒரு களஞ்சியம் உண்டு. மேலே ஏறி முடிக்கும்போது அதைப் பார்க்க யாருக்குத் தெம்பு இருக்கிறது? 2025 ஜூலையில் யுனெஸ்கோ 12 மராட்டியக் கோட்டைகளை உலகப் பாரம்பரியச் சின்னங்களாக அறிவித்ததே... அதில் 11 மகாராஷ்டிரத்தில். தமிழ்நாட்டுக்குக் கிடைத்தது செஞ்சி ஒன்றுதான். இவ்வளவு பெரிய பெயரை அந்தக் கோட்டைக்கு வாங்கிக் கொடுத்ததில் பீரங்கிகளுக்கு எவ்வளவு பங்கோ, அவ்வளவு பங்கு அந்தக் குடோனுக்கும் உண்டு.

நிற்க. இந்த வாரம் நாம் பேசப்போவது பலகாரம். சூப்பர் மார்க்கெட் ஃப்ரீசரில் சமோசா பட்டி, பஃப்ஸ் ஷீட் என்றெல்லாம் ரெடிமேடாக விற்கிறார்கள். வாங்கி வந்து, உள்ளே மாம்பழமோ பலாப்பழமோ வைத்து மடித்து, பொரித்தோ சுட்டோ எடுத்தால் அரை மணியில் வேலை முடிந்தது. பல வீடுகளில் இதற்கு ஒரு முணுமுணுப்பும் கூடவே வரும். ‘எங்க காலத்துல மாவு பிசையறதுக்கே ஒரு மணி நேரம் ஆகும். இப்போ எல்லாம் பாக்கெட்டு!’

அந்த முணுமுணுப்புக்கான பதில் செஞ்சிக் களஞ்சியத்தில் இருக்கிறது. அதனால்தான் அங்கே ஆரம்பித்தேன்.

களஞ்சியத்தில் தானியம் வைப்பார்கள். மாவு வைக்கமாட்டார்கள். ஏன்? நெல்லானாலும் கோதுமையானாலும் முழுசாக இருக்கிறவரை அது உயிருள்ள விதை. மேல்தோல் அதற்குக் கவசம். காய்ந்த இடத்தில் வைத்தால் வருஷக்கணக்கில் தாங்கும். அரைத்த நிமிஷத்திலேயே கவசம் போய்விடுகிறது. உள்ளே முளையில் இருக்கும் எண்ணெய் காற்றோடு சேர்ந்து சிக்கு வாடை அடிக்கும். வண்டு வரும். நம்ம ஊர் வெயிலில் முழுக் கோதுமை மாவு சில வாரங்களிலேயே சலிப்பு காட்ட ஆரம்பித்துவிடும். அதில் தண்ணீர் ஊற்றிப் பிசைந்துவிட்டீர்களா? கதை இன்னும் மோசம். காலையில் பிசைந்தது சாயங்காலம் புளிக்கும், மறுநாள் நாறும்.

ஆக, தானியத்துக்கு ஆயுள் வருஷங்கள். மாவுக்கு வாரங்கள். பிசைந்த மாவுக்கு ஒரு பகல். மனுஷன் இந்தக் கணக்கோடு மல்லுக்கட்டிய கதைதான் ரெடிமேட் மாவின் கதை. பாக்கெட் மாவு சோம்பேறித்தனம் என்று சொல்கிறவர்கள் இந்தக் கணக்கைப் பார்ப்பதே இல்லை. தினம் தினம் நெல் குத்தியதும், திருகையில் மாவு அரைத்ததும், பிசைந்ததும் யார்? பெரும்பாலும் பெண்கள். தானியத்துக்கு வருஷக்கணக்கில் ஆயுள் இருந்தது ராஜாவுக்கு வசதி. பிசைந்த மாவுக்கு ஒரு பகல்தான் ஆயுள் என்பது அடுப்படியில் இருந்தவளுக்கு ஆயுள் தண்டனை!

இந்தக் கணக்கு எவ்வளவு பயங்கரமானது என்று செஞ்சி ஒரு தடவை பாடம் நடத்தியிருக்கிறது.

1677-ல் சிவாஜி செஞ்சியைப் பிடித்தார். அதற்கு முன்னால் அது பீஜப்பூர் சுல்தான்கள் கையில் இருந்தது. அதற்கும் முன்னால் நாயக்கர்கள். சிவாஜி போய், மகன் சாம்பாஜியை 1689-ல் ஔரங்கசீப் கொன்றபிறகு, இளைய மகன் ராஜாராம் உயிர் தப்பித் தெற்கே ஓடிவந்து அடைக்கலம் புகுந்தது இங்கேதான். மராட்டிய ராஜ்யத்துக்கே செஞ்சி தலைநகரானது. விடுவாரா ஔரங்கசீப்? 1690-ல் தளபதி ஜுல்ஃபிகர் கான் பெரும்படையோடு வந்து கோட்டையைச் சூழ்ந்தார்.

மூன்று மலைகளையும் அவற்றை இணைக்கும் மதிலையும் முழுசாகச் சுற்றிவளைப்பது லேசுப்பட்ட காரியமா என்ன? முற்றுகை ஏழு வருஷத்துக்கு மேல் இழுத்தது. அதில்தான் ஒரு வேடிக்கை... இல்லை, வேடிக்கை என்று சொல்லக்கூடாது. 1692 கடைசியில் சாந்தாஜி கோர்படே, தனாஜி ஜாதவ் என்ற இரண்டு மராட்டியத் தளபதிகள் வெளியிலிருந்து வந்து, முற்றுகை போட்டவர்களையே முற்றுகை போட்டுவிட்டார்கள்! மொகலாய முகாமுக்குத் தானியம் வரும் வழிகள் அறுந்தன. உள்ளே இருக்கும் மராட்டியனைப் பட்டினி போட வந்தவன் வெளியே தானே பட்டினி கிடந்தான். 1693 ஆரம்பத்தில் ஜுல்ஃபிகர் கான் முற்றுகையைப் பாதியில் விட்டுவிட்டு வந்தவாசிக்குப் பின்வாங்க வேண்டியதாயிற்று. மறுபடி வந்து, கோட்டையைப் பிடித்தது 1698-ல். அதற்குள் ராஜாராம் தப்பித்து வேலூர் பக்கம் போய்விட்டார் என்பது தனிக்கதை.

இந்தப் படையெடுப்பில் மொகலாயர் பக்கம் கூடவே இருந்த ஒருவர், பார்த்ததையெல்லாம் பாரசீக மொழியில் எழுதி வைத்தார். பெயர் பீம்சேன். புந்தேலாத் தளபதி தல்பத் ராவிடம் வேலை பார்த்தவர். போரும் பஞ்சமும் நிறைந்த அந்தக் காலத்தைப் பற்றிய தன் நினைவுக் குறிப்புகளுக்கு அவர் வைத்த பெயர் என்ன தெரியுமா? ‘நுஸ்கா-இ-தில்குஷா’. ‘தில்குஷா’ என்றால் மனசைக் குளிரவைப்பது.

‘தில்குஷ்... எங்கேயோ கேட்ட பேரா இருக்கே’ என்கிறீர்களா? கேட்டிருப்பீர்கள். நம்மூர் பேக்கரிகளிலும் பெங்களூர் பேக்கரிகளிலும் கண்ணாடி அலமாரிக்குள் உட்கார்ந்திருக்குமே... உள்ளே தேங்காய்த் துருவலும், சிவப்பும் பச்சையுமாக டூட்டி ஃப்ரூட்டியும் அடைத்த வட்டமான ஐட்டம். சில கடைகளில் ‘தில்பசந்த்’ என்பார்கள். அதுவேதான்! பழம் அடைத்த பலகாரம். அந்த டூட்டி ஃப்ரூட்டி வேறொன்றுமில்லை. பப்பாளிக்காயைப் பொடிப்பொடியாக நறுக்கி, சர்க்கரைப் பாகில் ஊறவைத்துக் காயவைத்தது. புத்தகத்துக்கும் பேக்கரிக்கும் நேரடிச் சம்பந்தம் எதுவும் இல்லை. பெயர்ப் பொருத்தம் மட்டும்தான். ஆனாலும் பசித்த முகாமில் இருந்த மனுஷன் தன் புத்தகத்துக்கு இப்படியொரு பெயர் வைத்தது எனக்குப் பிடித்திருக்கிறது.

சரி, மாவுக்குள் இனிப்பை வைத்து மூடும் வித்தை நமக்கு எப்போது வந்தது? வெள்ளைக்காரன் கொண்டுவந்தான் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். சங்க இலக்கியமான ‘மதுரைக்காஞ்சி’யில் பூரணம் வைத்துப் பிடித்த மோதகம் வருகிறது. அதை விற்கிறவர்களுக்குக் ‘கூவியர்’ என்று பெயர். நடுராத்திரி ஆகியும் கடையை எடுத்துவைக்காமல், இனிப்புப் பலகாரத்தோடு உட்கார்ந்தபடியே தூங்கி வழிகிறார்களாம் மதுரைக் கூவியர்கள். வீட்டில் செய்ய முடியாதவர்கள் வெளியே ரெடிமேடாக வாங்கிச் சாப்பிடுவது நேற்று வந்த பழக்கம் இல்லை என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்? 12-ஆம் நூற்றாண்டில் கல்யாணிச் சாளுக்கிய ராஜா மூன்றாம் சோமேஸ்வரன் தொகுத்த ‘மானசோல்லாசம்’ என்ற சமஸ்கிருத நூலிலும் பூரணம் வைத்த அடைகள் உண்டு.

மெல்லிசாகத் தேய்த்து, முக்கோணமாக மடித்துப் பொரிப்பது மட்டும் மேற்கேயிருந்து வந்தது. அரபுக்காரர்களும் பாரசீகர்களும் அதை ‘சன்பூசா’ என்றார்கள். 14-ஆம் நூற்றாண்டில் தில்லியில் முகம்மது பின் துக்ளக்கின் விருந்தில் உட்கார்ந்து சாப்பிட்ட இபின் பதூதா, கொத்துக்கறியோடு பாதாம், பிஸ்தா, வெங்காயம் சேர்த்து மெல்லிய ரொட்டியில் சுற்றி நெய்யில் பொரித்த சன்பூசாவைப் பற்றி எழுதியிருக்கிறார். (அந்த ஆசாமி பிறகு மதுரை வரைக்கும் வந்தார்!) 1500 வாக்கில் மாண்டு நகரத்துச் சுல்தான் கியாஸ் ஷாவுக்காகத் தொகுக்கப்பட்ட ‘நிமத்நாமா’ என்ற சமையல் புத்தகம் லண்டன் பிரிட்டிஷ் லைப்ரரியில் இருக்கிறது. மீசை வைத்த சுல்தான் உட்கார்ந்திருக்க, சுற்றிலும் வேலையாட்கள் சமோசா செய்கிற வண்ணப்படம்கூட அதில் உண்டு. சமோசாவுக்கென்றே படம் வரையச் சொன்ன ராஜா!

செஞ்சியை ஆண்டவர்களை வரிசையாக நினைத்துப் பாருங்கள். ஒவ்வொருத்தர் சமையற்கட்டிலும் மடிக்கிற பலகாரம் ஒன்று உண்டு. பீஜப்பூர்காரர்களுக்கும் மொகலாயர்களுக்கும் சமோசா. மராட்டியர்களுக்குக் கரஞ்சி, நாம் தீபாவளிக்குச் செய்கிற சோமாசியின் அக்கா தங்கை. நம் போளியின் பெயரும் அவர்கள் வீட்டுப் பெயர்தான். தேசிங்கின் புந்தேலா ராஜபுத்திரர்களுக்கு, கோயா அடைத்த குஜியா. 1714-ல் தேசிங்கு சண்டையில் விழுந்தபிறகு ஆற்காட்டு நவாப் வந்தார். சாதத்துல்லா கான் பெயரில் ஒரு மசூதி இன்றைக்கும் கோட்டைக்குள் இருக்கிறது. அப்புறம் 1750 செப்டம்பரில், புஸ்ஸி தலைமையில் ஃபிரெஞ்சுப் படை ஒரே ராத்திரியில் கோட்டையைப் பிடித்தது. ஜுல்ஃபிகர் கானுக்கு ஏழு வருஷத்துக்கு மேல் ஆன வேலை! 1761-ல் ஆங்கிலேயரிடம் தோற்கும்வரை ஃபிரெஞ்சுக் கொடிதான்.

ஃபிரெஞ்சுக்காரர்கள் செஞ்சியிலிருந்து கொண்டுபோனது கல்தூண்கள். பாண்டிச்சேரி கடற்கரையில் காந்தி சிலையைச் சுற்றி நிற்கின்றனவே, அவைதான். பதிலுக்கு நமக்குக் கிடைத்தது எது என்று கேட்டால், என் ஓட்டு அவர்களுடைய அடுக்கு மாவுக்கு. நம் பஃப்ஸ் என்னவோ வெள்ளைக்கார பேக்கரிகள் வழியாகத்தான் ஊரெல்லாம் பரவியது. ஆனால் அந்த மாவை ஒரு சாஸ்திரமாகவே ஆக்கி, 17-ஆம் நூற்றாண்டிலேயே புத்தகத்தில் எழுதி வைத்தவர்கள் ஃபிரெஞ்சுக்காரர்கள்.

அதன் சூட்சுமம் எளிது, செய்வதுதான் கஷ்டம். மாவுக்குள் குளிர்ந்த வெண்ணெயை ஒரு பாளமாக வைத்து மூடுவார்கள். தேய்த்து மூன்றாக மடிப்பார்கள். திரும்பத் தேய்த்து மூன்றாக மடிப்பார்கள். இப்படி ஆறு தடவை. மூன்றை ஆறு முறை பெருக்கிப் பாருங்கள்... 729 அடுக்கு! அடுப்பில் வைத்ததும் வெண்ணெய் உருகும், மாவிலும் வெண்ணெயிலும் உள்ள ஈரம் ஆவியாகும். ஒவ்வொரு அடுக்கையும் ஆவி கொஞ்சம் கொஞ்சமாகத் தூக்கிவிடும். அதனால்தான் பஃப்ஸைக் கடித்தால் சட்டையெல்லாம் செதில் செதிலாக உதிர்கிறது. நடுவில் வெண்ணெய் இளகிவிட்டால் போச்சு. அடுக்கெல்லாம் ஒட்டிப்போய் தட்டையான பிஸ்கட்டாகிவிடும். சித்திரை வெயிலில், பாறையே அனலடிக்கிற செஞ்சியில், ஐஸ் இல்லாமல் இதைச் செய்து பார்க்கச் சொன்னால் புஸ்ஸியே வெள்ளைக்கொடி காட்டியிருப்பார்.

அதாவது இந்த மாவுக்கு ஒரே தேவை, குளிர். குளிர் கைக்கு வரும்வரை மனுஷன் வேறு தந்திரங்கள் செய்தான். ஒன்று, காயவைப்பது. நம் அப்பளமும் வடாமும் என்ன? ரெடிமேட் மாவுதானே! வெயிலில் ஈரத்தை எடுத்து, வருஷம் பூரா டப்பாவில் வைத்தார்கள் நம் பாட்டிகள். இன்னொன்று, பாதி வேகவைப்பது. சமோசா பட்டி அந்த ஜாதி. சின்னச் சின்ன உருண்டைகளைத் தட்டி, இடையில் எண்ணெயும் மாவும் தடவி அடுக்கி, ஒன்றாகத் தேய்த்து, கல்லில் லேசாக வாட்டி, சூட்டோடு சூடாக ஒவ்வொரு ஏடாகப் பிரித்தெடுப்பார்கள். ரம்ஜான் மாசத்தில் முஸ்லிம் வீடுகளில் இந்த ஏடுகளைக் கட்டுக்கட்டாகச் செய்துவைப்பார்கள். நோன்பு திறக்கும் நேரத்தில் மாவோடு மல்லுக்கட்ட முடியுமா? அதனால் முன்கூட்டியே செய்துவைத்துக்கொண்டார்கள். சூப்பர் மார்க்கெட் பாக்கெட்டுக்கு இவர்கள்தான் குரு.

19-ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில் ஐரோப்பாவில் உருளை ஆலைகள் வந்தன. கோதுமையின் தவிட்டையும் முளையையும் நீக்கிவிட்டு வெள்ளை மாவை மட்டும் பிரித்தன. எண்ணெய் உள்ள முளை போய்விட்டதால் மாவு மாசக்கணக்கில் கெடவில்லை. கூடவே சத்தும் போய்விட்டது என்பதைச் சொல்லாமல் விடக்கூடாது. நம் வீட்டு மைதா அதன் வாரிசு.

பிசைந்த மாவையே பத்திரப்படுத்தும் வழியைக் கண்டுபிடித்தவர் அமெரிக்காவில் கென்டக்கி மாநிலத்தைச் சேர்ந்த லைவ்லி வில்லோபி என்ற பேக்கரிக்காரர். பிசைந்த மாவைக் காற்றுப் புகாத உருளை டப்பாவில் அழுத்தத்தோடு அடைத்து, குளிரில் வைத்தால் பல வாரம் தாங்கும் என்று கண்டுபிடித்து 1931-ல் காப்புரிமை வாங்கினார். அவர் வழி வந்த வியாபாரத்தை 1951-ல் பில்ஸ்பரி கம்பெனி வாங்கியது. டப்பாவைத் திறந்து, மாவை விரித்து, உள்ளே ஆப்பிளை வைத்துச் சுருட்டி அடுப்பில் தள்ளும் வழக்கம் அமெரிக்க வீடுகளில் பரவியது அதற்கப்புறம்தான். இந்தியாவில் கோத்ரெஜ் கம்பெனி உள்நாட்டு ஃப்ரிட்ஜைத் தயாரித்தது 1958-ல். அதே 1950-களில் கோயமுத்தூர்க்காரர்கள் வெட் கிரைண்டரைக் கொண்டுவந்தார்கள். ஆட்டுக்கல்லிலிருந்து கிரைண்டர், கிரைண்டரிலிருந்து தெருமுனை இட்லி மாவு பாக்கெட். அமெரிக்காவில் டப்பா, நம்மிடம் பாக்கெட். கதை ஒன்றுதான்.

இப்போது அடுப்பைப் பற்றவைக்கலாம்.

முதலில் பழம். தண்ணீர் அதிகமுள்ள பழம் ஆகாது. திண்டிவனம் பக்கம் சாலையோரத்தில் குவித்து விற்கும் தர்ப்பூசணியை வைத்து யாராவது முயற்சி செய்துவிடப் போகிறீர்கள்! மாம்பழம், நேந்திரம், அன்னாசி, பண்ருட்டிப் பலாச்சுளை எல்லாம் பிரமாதமாக வரும். பொடியாக நறுக்கிய பழம் இரண்டு கப், பொடித்த வெல்லம் கால் கப், நெய் ஒரு ஸ்பூன். அகலமான வாணலியில் சுருள வதக்குங்கள். ஒரு ஸ்பூன் அரிசிமாவைக் கொஞ்சம் தண்ணீரில் கரைத்து ஊற்றினால் மிச்ச ஈரத்தையும் அது கட்டிப்போடும். ஏலக்காய் தட்டிப் போட்டு இறக்குங்கள். முழுக்க ஆறவேண்டும். இதில் அவசரப்பட்டால் சூட்டில் ஏடு இளகிக் கிழிந்துவிடும். முக்கால்வாசிப் பேருக்கு ‘எண்ணெய்ல வெடிச்சுப்போச்சு’ என்று ஆவது இந்த இடத்தில்தான்.

சமோசா பட்டி என்றால் ஈரத்துணி போட்டு மூடி வைத்து ஒவ்வொன்றாக எடுங்கள். காற்றுப் பட்டால் அப்பளமாகிவிடும். ஒரு ஸ்பூன் பூரணம் வைத்து முக்கோணமாக மடித்து, ஓரத்தை மைதா பசையால் ஒட்டி, மிதமான எண்ணெயில் நிதானமாகப் பொரியுங்கள்.

பஃப்ஸ் ஷீட் என்றால் ஃப்ரீசரிலிருந்து எடுத்து நேராக மேடையில் போடாதீர்கள். ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் வைத்து இளகவிடுங்கள். வளைகிற பதம் வந்ததும் சதுரமாக வெட்டி, பூரணம் வைத்து, மூலைக்கு மூலை மடித்து, ஓரத்தை முள்கரண்டியால் அழுத்துங்கள். மேலே கத்தி நுனியால் இரண்டு கீறல், ஆவி வெளியேற. மேலே பால் தடவி, 200 டிகிரியில் முன்கூட்டியே சூடாக்கிய அவனில் 20 நிமிஷம். அவன் சரியாகச் சூடாவதற்கு முன் உள்ளே தள்ளினால் ஆவி வருவதற்குள் வெண்ணெய் ஒழுகிவிடும். ஒருமுறை இளகிய ஷீட்டைத் திரும்ப ஃப்ரீசரில் வைக்காதீர்கள். கரெண்ட் போய் நாள் பூரா வராவிட்டால், அன்றைக்கே எல்லாவற்றையும் சுட்டுவிடுவது உத்தமம்.

ஓரத்தில் வெட்டிய துண்டுகள் மிஞ்சும். உருட்டிப் பிசையாதீர்கள், 729 அடுக்கும் போய்விடும். ஒன்றன்மேல் ஒன்றாக அப்படியே அடுக்கி, சர்க்கரை தூவி, அதே அவனில் பத்துப் பதினைந்து நிமிஷம் வையுங்கள். பிள்ளைகள் அதைத்தான் முதலில் காலி பண்ணுவார்கள்.